இராமன் தேடிய நீலம்

கடலின் நீலத்தையும், நம் கண்டியை அடுத்த தும்பறையிற் கிடைத்த சந்திரகாந்தக் கல்லின் நீல ஒளியையும் ஒரே வினாவோடு நோக்கியவர் சர் சி. வி. இராமன்.

1888 நவம்பர் 7 இல் திருச்சிராப்பள்ளியிற் பிறந்தார். சென்னை மாநிலக் கல்லூரியிற் கற்கும்போதே, 1906 இல், ஒளி பற்றிய அவருடைய முதற் கட்டுரை இலண்டன் சஞ்சிகையொன்றில் வெளியாயிற்று. மேற்படிப்புக்குச் சீமை செல்ல உடல்நிலை இடந்தராது என்று வைத்தியர் தடுத்துவிட்டார். ஆகவே 1907 இல் நிதித்துறை அதிகாரியாய்க் கல்கத்தா சென்றார். பகலெல்லாம் கணக்கு, காலையும் மாலையும் பௌபசார் வீதி விஞ்ஞானக் கழகத்தில் ஆராய்ச்சி. பத்தாண்டுகளின் பின், 1917 இல், அப்பெரும் பதவியை உதறிக் குறைந்த சம்பளத்துக்குப் பேராசிரியரானார். அரசாங்க உத்தியோகமே உத்தியோகம் என்று கேட்டு வளரும் நாம் இதை எண்ணிப் பார்க்க வேண்டும். உற்றார் என்ன சொன்னார்களோ!

1921 இற் கப்பலில் மத்தியதரைக் கடலைக் கடந்தார். வானத்தின் நீலம் நீரிற் பிரதிபலிப்பதே கடல்நீலம் என்று பேரறிஞர் ரேலி கூறியிருந்தார். இராமன் நிக்கல் பளிங்கொன்றைக் கண்முன் பிடித்து அப்பிரதிபலிப்பை விலக்கினார். நீலம் மறையவில்லை, இன்னும் ஆழ்ந்தது. நீரின் மூலக்கூறுகளே ஒளியைச் சிதறுகின்றன என்று துணிந்தார்.

அவ்வழியே சென்றவர், 1928 பெப்ரவரி 28 இல், சிதறிய ஒளியின் மிகச் சிறு பகுதி நிறம் மாறி வருவதைக் கண்டார். மூலக்கூறோடு சத்தியைக் கொடுத்து வாங்கியதன் அடையாளம் அது. உடனுழைத்த கே. எஸ். கிருஷ்ணனும் தமிழரே, அவர் பெயரை நம்மவர் மறப்பது முறையன்று. 1930 இல் இராமனுக்கு நோபெல் பரிசு கிடைத்தது.

புகழ் வந்தபின்னும் வினா ஓயவில்லை. 1950 இல் ஜெயராமன், சீனிவாசன் என்போருடன் இலங்கைச் சந்திரகாந்தக் கற்களை ஆராய்ந்து கட்டுரை வெளியிட்டார். அக்கல்லில் பொட்டாசியம் மிகுந்த பகுதியும் சோடியம் மிகுந்த பகுதியும் நுண்ணிய அளவிற் பிரிந்து கிடக்கின்றன. இரண்டும் ஒளியை வளைக்கும் அளவு சற்றே வேறு. ஆதலால் உட்புகும் ஒளி சிதறுகின்றது; பிரிவுகள் மிக நுண்ணியவாயின் நீலமே மிகுகின்றது. நிலவு கல்லில் இல்லை. கல்லின் அமைப்பில் இருக்கின்றது.

1970 நவம்பர் 21 இல் பெங்களூரில் மறைந்தார். தாம் நிறுவிய ஆராய்ச்சி நிலைய வளவிலேயே தகனம் நடந்தது. இன்று இரத்தினக்கல் அசலோ போலியோ என்று அறிய, லேசர்க் கதிரைப் பாய்ச்சி அவர் கண்ட அந்த நிறமாற்றத்தையே பார்க்கின்றனர்.