சிறுமியரும் திறந்த வெளியும்

வில்லாபுரத்துத் தெருக்களில் மாலை வேளையில் நடந்து செல்வோர் ஒரு காட்சியைக் காணலாம். பள்ளிவிட்டு வந்த பையன்கள் இடங் கண்டவிடமெல்லாம் பந்தாடுகின்றனர். அவர்தம் சகோதரிகளோ வாயிற்படியைத் தாண்டுவது அரிது. திருப்பரங்குன்றத்து மலை அதிக தூரத்திலில்லை. எனினும், தோழியருடன் அதன் அடிவாரத்தில் கூடாரமிட்டு ஓரிரவு தங்கிய சிறுமியர் நம்மிடை எத்துணைப் பேர்? இக்கேள்வி எழுந்தபோது அன்னி பெஸண்ட் அம்மையாரின் சரித்திரம் நம் நினைவுக்கு வந்தது. அவரை அரசியல் தலைவராகவே நம்மவர் அறிவர்; அடைபட்ட பிள்ளைகளை வெளியிற் கொணர அவர் செய்த தொண்டினை அறிந்தோர் சிலரே.

அம்மையார் 1847ஆம் ஆண்டில் லண்டனிற் பிறந்தார். ஐந்து வயதில் தந்தையை இழந்தார். தாயார் ஹாரோ நகரில் மாணாக்கர்க்கு விடுதி நடத்திப் பிழைத்தார். அங்கே பையன்களுக்குச் சமமாக மரமேறியும் கிரிக்கெட் ஆடியும் திரிந்த பெண் இவர். பிற்காலத்தில் எதிர்ப்புக்கு அஞ்சாது மேடையேறிய துணிவுக்கு அந்த மரக்கிளைகளிலேயே வித்திடப்பட்டதென்று நாம் கருதுகிறோம்.

1867இல் ஒரு பாதிரியாரை மணந்து, 1873இல் பிரிந்தார். கருத்தடை குறித்த நூலொன்றை வெளியிட்டதற்காக 1877இல் வழக்குக்கு ஆளானார். அதையும் ஒரு காரணமாகக் காட்டி, மறு ஆண்டு நியாயஸ்தலம் அவர் மகளை அவரிடமிருந்து பிரித்தது. தம் மகளைப் பறிகொடுத்த அத்தாய் பிறர் பெண்களுக்குத் தாயானார். 1888இல் லண்டன் தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்கள் நீண்ட நேர உழைப்பாலும், அபராதத்தாலும், தாடையெலும்பை அரிக்கும் பாஸ்வரத்தாலும் வதைபடுவதை ஊரறியச் செய்தார். சுமார் 1,400 பேர் வேலைநிறுத்தஞ் செய்து வென்றனர். 1890இல் கிழக்கு லண்டனில் உழைக்கும் பெண்களுக்கென ஒரு சங்கம் திறக்கப்படவும் அவர் துணைநின்றார். கூலி உயர்ந்தால் மட்டும் போதாது, கூடி மகிழவும் இடம் வேண்டுமென்பதை அவர் உணர்ந்திருந்தார்.

1893இல் இந்தியா வந்தார். 1904இல் காசியில் பெண்பள்ளி கண்டார். அக்காலத்தில் பெண்கல்வியின் பயன் நல்ல மனைவியரையும் தாய்மாரையும் ஆக்குவதே என்னும் குறுகிய நோக்கே அவரிடமிருந்தது. ஆனால் 1913இல் சென்னையில் நிகழ்த்திய சொற்பொழிவுகளில் பால்ய விவாகத்தை வன்மையாகக் கண்டித்தார். தம் கருத்தை மாற்றிக்கொள்ள வெட்கப்படாமையும் ஒரு வீரமேயாகும்.

சாரணர் இயக்கம் 1909இல் இந்நாட்டிற்கு வந்தபோது ஐரோப்பிய, ஆங்கிலோ-இந்தியச் சிறுவர்க்கே அதில் இடமிருந்தது. 1911இல் ஜபல்பூரில் முதற் சாரணியர் படை தோன்றிற்று. அதிலும் இந்தியச் சிறுமியர்க்கு 1916 வரை இடமில்லை. நம் பிள்ளைகள் ஒழுங்கும் உடலுரமும் பெறுவதில் ஆளவந்தாருக்கு விருப்பமில்லை என்பதன்றி இதற்கு வேறென்ன பொருள்? அவ்வாண்டிலேயே அம்மையார், அருண்டேல் துரையின் துணையுடன், சென்னையில் இந்தியச் சாரணர் சங்கத்தை நிறுவினார். நம் சிறுவர் தலைப்பாகையணிந்து, நம் நாட்டுப் பாட்டுக்களைப் பாடி, முகாமிட்டனர். சுயாட்சிச் சங்கமும் அவ்வாண்டிலேயே பிறந்தது. 1917 மேயில் தோன்றிய இந்திய மாதர் சங்கத்திற்கும் அவரே தலைவரானார். அடுத்த மாதமே சர்க்கார் அவரை உதகமண்டலத்திற் காவலில் வைத்தது. 1921இல் பேடன் பவல் இந்தியா வந்தபோது இரு சாரணர் சங்கங்களும் ஒன்றாயின.

காந்தியடிகளின் ஒத்துழையாமையை அம்மையார் எதிர்த்ததை நாம் ஒப்பவில்லை. அவருடைய சாரணர் சங்கம் முதன்மையாகச் சிறுவர்க்கே பயன்பட்டதென்பதையும் மறைக்கவில்லை. 1933இல் அடையாற்றில் அவர் காலமானார். சாரணியர் சங்கம் 1951இல்தான் சுதந்திர பாரதத்தின் பொதுச் சாரணர் ஸ்தாபனத்தோடு இணைந்தது.

அன்னியர் அடைத்த கதவை அம்மையார் திறந்தார். நம் வீட்டுக் கதவையோ நாமே அடைத்திருக்கிறோம். மேடையில் விடுதலை பேசும் நண்பர்களே! உங்கள் மகள் கூடாரக் கயிறு கட்டவும், அடுப்பு மூட்டவும், இருளுக்கு அஞ்சாதிருக்கவும் கற்க ஓரிரவு அனுமதிப்பீர்களா? இதற்கு ஆமென்று சொல்லாதவர் பெண் விடுதலை குறித்துப் பேசுவதை நாம் நம்புவதற்கில்லை.