கார்க்கியைத் தமிழாக்கிய கரிசல் காட்டுக் கதாசிரியர்

கோவில்பட்டியிலிருந்து திருநெல்வேலிக்குச் செல்லும் பெரிய சாலையில், கயத்தாறு வருவதற்கு முன்னால் ஒரு சிற்றூர் இருக்கிறது. அதன் பெயர் இடைசெவல். சுற்றிலும் கரிசல் காடு. மழை பெய்துவிட்டால் மண் காலைக் கவ்விப் பிடித்துக்கொள்ளும். கோடையிலோ பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். வானம் பார்த்த பூமி. மழை உண்டானால் கம்பும் சோளமும் பருத்தியும் உண்டு. மழை பொய்த்தால் கஞ்சிக்கும் திண்டாட்டம்.

இந்த ஊரிலிருந்து ருஷிய தேசம் பல ஆயிரம் மைல் தூரம். அங்கே பனி கொட்டும். இங்கே வெயில் கொளுத்தும். ஆனாலும், ருஷிய நாட்டின் மாபெரும் எழுத்தாளரான மாக்சிம் கார்க்கியின் நூல்களைத் தமிழில் தந்தவர்களில் ஒருவர் இந்த ஊரில் பிறந்தவர்தான். அவரே கு. அழகிரிசாமி.

ஏழைகளின் கதையை ஏழைகள் வெட்கப்படாதபடி எழுதியவர் அவர். அவருடைய வாழ்க்கையும் ஒரு கதை போன்றதே.

இரு நண்பர்கள்

1923-ம் ஆண்டு செப்டம்பர் 23-ந் தேதி அழகிரிசாமி பிறந்தார். தகப்பனார் பெயர் குருசாமி. தாயார் தாயம்மாள். வீட்டில் பேசிய மொழி தெலுங்கு. ஆனால் பிள்ளையின் உள்ளத்தைக் கவர்ந்த மொழி தமிழ்.

அதே ஊரில், ஏறக்குறைய அதே வயதில், மற்றொரு சிறுவனும் இருந்தான். அவன்தான் பிற்காலத்தில் கி. ராஜநாராயணன் என்று பெயர் பெற்றவர். இருவரும் இணைபிரியாத நண்பர்கள் ஆனார்கள். இருவருக்கும் சங்கீதப் பைத்தியம். விளாத்திகுளம் சுவாமிகளின் பாட்டு என்றால் உயிர். கம்பன் என்றாலும் உயிர்.

ராஜநாராயணன் பள்ளிப் படிப்பைப் பாதியிலேயே விட்டுவிட்டார். அழகிரிசாமி கோவில்பட்டியில் பள்ளி இறுதி வகுப்பு வரை படித்துத் தேறினார். ஆங்கிலமும் கற்றுக்கொண்டார். அந்த ஆங்கிலமே ருஷியக் கதைகளுக்கு அவர் நுழைந்த வாசல். ருஷிய நூல்கள் ஆங்கிலத்தில் வந்தன. ஆங்கிலம் வழியாகக் கரிசல் காட்டுக்கும் வந்து சேர்ந்தன.

கரிசல் சீமைக்கு ருஷியா முற்றிலும் புதிய பெயர் அல்ல. பக்கத்து ஊரான எட்டயபுரத்தில் பிறந்த பாரதியார், 1917-ல் ஜார் மன்னன் வீழ்ந்தபோது அதை வரவேற்றுக் கவிதை எழுதியவர். மகாத்மா காந்தி 1910-ல் தென்னாப்பிரிக்காவில் அமைத்த பண்ணைக்கு டால்ஸ்டாயின் பெயரையே வைத்தார் என்பதும் பலரும் அறிந்த செய்தி.

பாட்டி சொன்ன கதைகள்

ருஷியக் கதைகளின் பெருமை எங்கிருந்து வந்தது?

நம் ஊர்ப் பாட்டிமாரைப் போலவே அங்கும் பாட்டிமார்கள் கதை சொன்னார்கள். நீண்ட பனிக்காலத்து இரவுகளில், அடுப்பைச் சுற்றி உட்கார்ந்து, மாயக் குதிரையும் சூனியக்காரக் கிழவியும் வரும் கதைகளைக் குழந்தைகள் கேட்டார்கள்.

வீரபாண்டிய கட்டபொம்மன் கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்ட அதே 1799-ம் ஆண்டில்தான் ருஷிய மகாகவி புஷ்கின் பிறந்தார். அவர் பிரபு குலத்துப் பிள்ளை. ஆனால் நாட்டுக் கதைகளை அவருக்குச் சொன்னவள், வீட்டில் ஊழியம் செய்த அரினா ரொடியோனவ்னா என்ற அடிமைக் குடியில் பிறந்த தாதி. அந்தக் கதைகள் பின்னால் புஷ்கினின் கவிதைகளாக மலர்ந்தன.

கார்க்கியின் கதையும் அதுவே. 1868-ல் வோல்கா நதிக்கரையில் உள்ள நிஷ்னி நோவ்கோரத் நகரில் அவர் பிறந்தார். இயற்பெயர் அலெக்சி பெஷ்கோவ். சின்னஞ்சிறு வயதிலேயே தந்தையை இழந்தார். தாத்தாவின் வீட்டில் அடியும் உதையும் கிடைத்தன. பாட்டியிடம் மட்டும் அன்பும் கதையும் கிடைத்தன. தாயும் இறந்த பிறகு, பிழைப்புக்காகத் தெருவுக்கு வந்தார். செருப்புக் கடையில் எடுபிடி வேலை. நீராவிக் கப்பலில் பாத்திரம் கழுவும் வேலை. ரொட்டிக் கடையில் மாவு பிசையும் வேலை என்று பல வேலைகள் செய்தார். கப்பலில் இருந்த சமையல்காரர் ஒருவர் ஒரு பெட்டி நிறையப் புத்தகம் வைத்திருந்தார். பையனை உட்கார வைத்து வாசிக்கச் செய்தார். பள்ளிக்கூடம் கொடுக்காத கல்வியை அந்தப் பெட்டி கொடுத்தது.

1892-ல் முதல் கதை அச்சானபோது, அவர் தமக்குத் தாமே ஒரு பெயர் வைத்துக்கொண்டார். கார்க்கி என்றால் ருஷிய மொழியில் கசப்பு என்று பொருள். தாம் கண்ட வாழ்க்கையின் சுவையையே பெயராக்கிக்கொண்டார் அவர்.

பட்டினியும் படிப்பும் சேர்ந்து வளர்ந்த கரிசல் காட்டு வாலிபருக்கு, இப்படிப்பட்ட எழுத்தாளர் நெருங்கிய உறவினராகத் தோன்றியதில் வியப்பில்லை.

உத்தியோகத்தை உதறினார்

பள்ளிப் படிப்பு முடிந்ததும் அழகிரிசாமிக்குப் பத்திரப் பதிவு அலுவலகத்தில் எழுத்தர் வேலை கிடைத்தது. அந்தக் காலத்தில் சர்க்கார் உத்தியோகம் என்பது லேசான காரியமா? மழை பெய்தாலும் பொய்த்தாலும் மாதம் பிறந்தால் சம்பளம். கரிசல் காட்டில் அதைவிடப் பெரிய பாக்கியம் ஏது?

ஆனால் அவர் மனம் பத்திரத்தில் இல்லை; பத்திரிகையில் இருந்தது. 1943-ல் அவருடைய முதல் கதை 'ஆனந்த போதினி' பத்திரிகையில் வெளிவந்தது. அவர் உத்தியோகத்தை உதறிவிட்டுச் சென்னைக்குப் புறப்பட்டார்.

எழுத்தை நம்பிப் பிழைப்பது, மழையை நம்பி விதைப்பதைவிடக் கஷ்டமானது. சம்பளம் குறைவு. அதுவும் நிலையில்லை. 'ஆனந்த போதினி', 'பிரசண்ட விகடன்' என்று பத்திரிகை மாறி, பின்னர் வை. கோவிந்தன் நடத்திய 'சக்தி'யில் சேர்ந்தார். நல்ல நூல்களை மலிவு விலையில் மக்களிடம் கொண்டுபோன நிலையம் அது. அங்கே தொ. மு. சி. ரகுநாதன் அவருடன் வேலை பார்த்தார்.

இந்த இரு நண்பர்களும் கார்க்கியைத் தமிழ் மக்களுக்கு அறிமுகம் செய்ததில் பெரும் பங்கு கொண்டார்கள். கார்க்கியின் 'தாய்' நாவலை ரகுநாதன் மொழிபெயர்த்தார். 'லெனினுடன் சில நாட்கள்', 'அமெரிக்காவிலே' ஆகிய கார்க்கி நூல்களை அழகிரிசாமி மொழிபெயர்த்தார். 1906-ல் அமெரிக்கா சென்ற கார்க்கி, நியூயார்க் நகரின் செல்வத்தையும் அதன் நிழலில் கிடந்த வறுமையையும் கண்டு எழுதிய நூல் அது.

இரண்டு பண்டிகைகள்

கார்க்கியைத் தமிழாக்கினாலும், அழகிரிசாமி கதை சொல்லும் முறையில் ருஷியாவின் மற்றோர் எழுத்தாளரை நினைவூட்டுகிறார். அவர் செகாவ். 1860-ல் தாகன்ரோக் என்ற சிறு துறைமுகப் பட்டணத்தில் ஒரு மளிகைக் கடைக்காரரின் மகனாகப் பிறந்தவர். அவருடைய தாத்தா பணம் கொடுத்து விடுதலை பெற்ற பண்ணையடிமை.

செகாவ் 1886-ல் எழுதிய கதை ஒன்றில் ஒன்பது வயதுச் சிறுவன் வருகிறான். பெயர் வான்கா. மாஸ்கோவில் ஒரு செருப்புத் தொழிலாளியிடம் வேலை பழகும் அநாதை. கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு, தன்னை வந்து அழைத்துப் போகும்படி தாத்தாவுக்குக் கடிதம் எழுதுகிறான். உறையின் மேல் ஊர்ப் பெயர் எழுதத் தெரியாமல், கிராமத்துத் தாத்தாவுக்கு என்று எழுதித் தபால் பெட்டியில் போடுகிறான். அந்தக் கடிதம் போய்ச் சேராது என்பது நமக்குத் தெரியும். அவனுக்குத் தெரியாது.

அழகிரிசாமியின் 'ராஜா வந்திருக்கிறார்' கதையிலும் ஓர் அநாதைச் சிறுவன். அங்கும் ஒரு பண்டிகை. தீபாவளிக்கு முந்திய இரவு, உடலெங்கும் சிரங்கோடு எச்சில் இலையில் மிச்சம் பொறுக்கும் பையன் ஒருவன் ஒரு குடிசைக்கு வந்து சேருகிறான். அந்த வீட்டுத் தாய்க்குத் தன் பிள்ளைகளைக் காப்பதே பெரும்பாடு. ஆனாலும் அவனைச் சேர்த்துக்கொள்கிறாள். தன் பிள்ளைகளைப் போலவே அவனையும் எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டுகிறாள். கணவனுக்கென்று வைத்திருந்த துண்டை அவனுக்குக் கட்டிவிடுகிறாள். அவன் பெயர் ராஜா. பணக்கார வீட்டுப் பையன், தங்கள் வீட்டுக்கு ராஜா வந்திருப்பதாகப் பெருமையடிக்கிறான். ஏழை வீட்டுச் சிறுமி மங்கம்மாளோ, எங்கள் வீட்டுக்கும்தான் ராஜா வந்திருக்கிறார் என்று பதில் சொல்லிவிடுகிறாள்.

வான்காவின் கடிதம் யாருக்கும் போய்ச் சேரவில்லை. ராஜாவுக்கோ ஒரு தாய் கிடைத்துவிட்டாள். அந்தக் கதையில் வரும் தாயின் பெயர் தாயம்மாள். அழகிரிசாமியைப் பெற்றவளின் பெயரும் அதுவே.

'அன்பளிப்பு' என்ற கதையிலும் ஒரு சிறுவனின் ஏக்கமே பொருள். மற்றக் குழந்தைகளுக்கு அன்பளிப்பு தந்த பெரியவர், சாரங்கன் என்ற சிறுவனை மறந்துவிடுகிறார். அவனோ தன்னிடமுள்ள டைரியைக் கொண்டுவந்து, அதை அவர் தனக்கு அன்பளித்ததாக எழுதிக் கையெழுத்துக் கேட்கிறான். படித்தவர்கள் அந்தப் பிள்ளையை மறப்பதில்லை. இடைசெவலுக்குப் பக்கத்து ரயில் நிலையமும் 'குமாரபுரம் ஸ்டேஷன்' என்ற கதையாகி அழியாப் புகழ் பெற்றுவிட்டது.

கடல் கடந்த வாழ்க்கை

1950-களின் முற்பகுதியில் அழகிரிசாமி மலாயா சென்றார். கோலாலம்பூரில் 'தமிழ் நேசன்' பத்திரிகையில் ஆசிரியர் பொறுப்பு ஏற்றார். தாம் எழுதுவதோடு நின்றுவிடவில்லை. அங்கிருந்த இளைஞர்களைக் கூட்டி வைத்து, கதை எழுதுவது எப்படி என்று பயிற்சி கொடுத்தார். மலாயாத் தமிழ் எழுத்தாளர்கள் பலர் அந்தப் பயிற்சியில் உருவானவர்கள். அங்கேதான் சீதாலட்சுமியை மணந்துகொண்டார்.

1957-ல் தாயகம் திரும்பினார். மீண்டும் சென்னை; மீண்டும் பத்திரிகை வேலை; மீண்டும் பணமுடை. 'நவசக்தி'யில் சில ஆண்டுகள் பணியாற்றினார். நூற்றுக்கு மேற்பட்ட சிறுகதைகளும், நாவல்களும், நாடகங்களும் எழுதினார். கழுகுமலை முருகன் மேல் அண்ணாமலை ரெட்டியார் பாடிய காவடிச் சிந்தைப் பிழை நீக்கிப் பதிப்பித்தார். கம்பராமாயணப் பதிப்பிலும் உழைத்தார். ஒரு கையில் கம்பன், மறு கையில் கார்க்கி. இரண்டும் அவருக்குக் கனக்கவில்லை.

ஊரில் விவசாயம் செய்துகொண்டிருந்த ராஜநாராயணனுக்குக் கடிதங்கள் எழுதிக்கொண்டே இருந்தார். நண்பர் அவற்றைப் பாதுகாத்து வைத்திருந்து, பின்னால் புத்தகமாக்கினார்.

பரிசு வந்தது, அவர் இல்லை

1970-ல் 'சோவியத் நாடு' பத்திரிகையின் ஆசிரியர் குழுவில் அழகிரிசாமிக்கு வேலை கிடைத்தது. வாலிபத்தில் எந்த நாட்டுக் கதைகளை விரும்பிப் படித்தாரோ, அந்த நாட்டின் பத்திரிகையிலேயே இடம். இனிக் கஷ்டம் தீர்ந்தது என்று எண்ணும் வேளை அது. ஆனால் விதி வேறாக இருந்தது. அந்த ஆண்டு ஜூலை 5-ந் தேதி அவர் காலமானார். அப்போது வயது 46. செகாவ் மறைந்ததும் 44 வயதில்தான்.

அதே 1970-ம் ஆண்டுக்கான சாகித்திய அகாடமி பரிசு 'அன்பளிப்பு' தொகுதிக்கு அறிவிக்கப்பட்டது. பரிசு வந்தது. பெற்றுக்கொள்ள அவர் இல்லை.

நண்பர் ராஜநாராயணன் அந்தப் பாதையில் தொடர்ந்து நடந்தார். ருஷியாவில் அபனாசியேவ் என்ற அறிஞர் 19-ம் நூற்றாண்டில் 600 நாட்டுக் கதைகள் வரை திரட்டி அச்சிட்டதைப் போல, கரிசல் காட்டுக் கதைகளை இவர் திரட்டினார். கரிசல் சொற்களுக்கு ஓர் அகராதியும் செய்தார். 1991-ல் அவருக்கும் சாகித்திய அகாடமி பரிசு கிடைத்தது. ஒரே சிற்றூரில் இரு நண்பர்கள். இருவருக்கும் அதே பரிசு! 2021-ல் ராஜநாராயணனும் மறைந்தார்.

மாஸ்கோவில் அச்சிட்ட தமிழ்ப் புத்தகங்கள் ஒரு காலத்தில் குறைந்த விலையில் நம் ஊர்களில் விற்றன. 1991-ல் சோவியத் யூனியன் கலைந்ததும் அந்த வரவு நின்றுபோயிற்று. ஆனால் அந்தக் கதைகள் விதைத்தது வீண்போகவில்லை.

தாழ்ந்தவர், தளர்ந்தவர், திக்கற்ற பிள்ளை ஆகியோரும் கதைக்கு நாயகர்களே என்று காட்டியது ருஷிய இலக்கியம். அப்படிப்பட்ட நாயகர்கள் தம் தெருவிலேயே இருப்பதைக் கண்டு எழுதியவர் அழகிரிசாமி. தீபாவளி தோறும் தாயம்மாளின் குடிசைக்கு இன்னும் ராஜா வந்துகொண்டுதான் இருக்கிறார்.