புறூல் கோட்டையில் அடைக்கலம் புகுந்த பிரெஞ்சு முதலமைச்சர்

பான் நகரிலிருந்து கொலோன் நோக்கிச் செல்லும் புகையிரதம் புறூல் என்னும் சிறு நகரில் தரிக்கும்போது, நிலையத்துக்கு நேரெதிரே ஓர் அழகிய மாளிகை நிற்பதை நம்மில் பலர் கண்டிருப்போம். அம்மாளிகை எழுவதற்கு முன்னர் அதே இடத்தில் ஒரு பழைய கோட்டை இருந்தது. 1651ஆம் ஆண்டு அக்கோட்டையில் ஒருவர் அடைக்கலம் புகுந்தார். பிரான்சின் ஆட்சியைத் தம் கையில் வைத்திருந்து, மக்களின் சினத்துக்கு ஆளாகி, இரவோடிரவாகப் பரிஸை விட்டு வெளியேறிய கர்தினால் மசாரினே அவர்.

பிறப்பால் மசாரின் பிரெஞ்சுக்காரர் அல்லர். இத்தாலியின் பெஷீனா என்ற ஊரில் 1602 ஜூலை 14இல் பிறந்தவர். தந்தையார் றோமாபுரியின் கொலொன்னா பிரபு குடும்பத்தில் ஊழியம் பார்த்தவர். யேசுசபையினரிடம் கல்வி கற்ற மகன், பாப்பரசரின் படையிலும் பின்னர் தூதுப்பணியிலும் சேர்ந்தார். 1630 ஒக்டோபரில் கசாலே கோட்டையின் முன்னே பிரெஞ்சுப் படையும் ஸ்பானியப் படையும் மோதவிருந்த வேளையில், இரு அணிகளுக்கும் நடுவே குதிரையைச் செலுத்தி, சமாதானம் ஏற்பட்டதென்று கூவிப் போரைத் தடுத்தார். அச்செயல் ஐரோப்பா எங்கும் அவர் பெயரைப் பரப்பிற்று.

பிரான்சின் முதலமைச்சர் றிஷெலியூ இவரது திறமையை இனங்கண்டு தம்பால் ஈர்த்துக்கொண்டார். 1639இல் பிரெஞ்சுக் குடியுரிமையும் 1641இல் கர்தினால் பட்டமும் கிடைத்தன. 1642 டிசம்பரில் றிஷெலியூ மறைந்தார். மறு ஆண்டு மே மாதம் மன்னர் பதின்மூன்றாம் லூயியும் மறைந்தார். அரியணைக்குரிய பதினான்காம் லூயிக்கு ஐந்து வயதும் நிரம்பவில்லை. அன்னையார் ஆன் அரசி ஆட்சிப் பொறுப்பேற்று, மசாரினை முதலமைச்சராக்கினார்.

தாம் பிறந்த மண்ணின் கலைகளைப் புகுந்த நாட்டுக்குக் கொண்டு வருவதில் மசாரின் பெருவிருப்பம் கொண்டிருந்தார். இத்தாலிய இசை நாடகம் பரிஸில் வேரூன்ற வழி செய்தவர் அவரே. லூயிஜி றொசி இயற்றிய ஓர்பியோ 1647இல் அரசவையில் அரங்கேறிற்று. ஓவியம், சிற்பம் ஆகியவற்றுக்கான அரச கழகம் 1648இல் அவரது ஆட்சியின்கீழ் தோன்றியது. எனினும் அவர் சேர்த்த செல்வங்களுள் தலையாயது நூலகமே. காப்ரியேல் நோடே என்ற அறிஞர் ஐரோப்பிய நாடுகள் பலவற்றில் அலைந்து, ஏறத்தாழ 40,000 நூல்களை அவருக்காகத் திரட்டினார். வாரந்தோறும் வியாழக்கிழமைகளில் அந்நூலகத்தின் கதவுகள் கற்றோர்க்குத் திறந்திருந்தன.

ஆனால் வெளியே நாடு வாடிக்கொண்டிருந்தது. 1648இல் கையெழுத்தான வெஸ்ட்பாலியா உடன்படிக்கை ஜேர்மனியின் முப்பதாண்டுப் போரை முடித்து வைத்ததாயினும், ஸ்பானியாவுடனான போர் நீடித்தது. வரிச்சுமை ஏழைகளை நசுக்கிற்று. அமைச்சரோ இசை நாடகத்துக்குப் பணத்தை வாரி இறைக்கிறார் என்றும், அந்நியர் என்றும் தூற்றப்பட்டார். அவரைச் சாடி ஏறத்தாழ 5,000 துண்டுப்பிரசுரங்கள் வெளிவந்தன. பரிஸின் உயர் நீதிமன்றமும் பிரபுக்களும் ஒருவர் பின் ஒருவராகக் கிளர்ந்தெழுந்தனர். கவண் என்னும் பொருள்படும் பிறோந்து என்ற பெயரால் அக்கலகம் வழங்கலாயிற்று.

1651 பெப்ரவரியில் வெளியேறிய மசாரின், ஏப்ரல் மாதம் புறூலை அடைந்தார். பான் நகரைத் தலைநகராகக் கொண்டு ஆண்ட கொலோன் பேராயர் மக்சிமிலியன் ஹைன்றிக் அவருக்குக் கோட்டையில் இடமளித்தார். பணியாட்களுடன் அங்கு வாழ்ந்த கர்தினாலின் நிலையை நம் மக்களின் அகதி வாழ்வோடு ஒப்பிடுவது பொருந்தாது. ஆயினும் தாயகச் செய்திக்காகக் காத்திருந்த அந்த மாதங்களை நம்மால் உணர முடிகிறது. சங்கேதக் குறிகளிட்ட கடிதங்கள் வழியே அரசிக்கு அவர் ஆலோசனை கூறிக்கொண்டிருந்தார். கொல்பேர் என்ற இளைஞர் பரிஸில் அவரது உடைமைகளைக் கவனித்து வந்தார். அந்தக் கொல்பேரே பின்னாளில் அமைச்சராகி, 1664இல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பனியை நிறுவினார். நம் புதுச்சேரியில் கால் பதித்தது அக்கம்பனிதான்.

அவ்வாண்டின் இறுதியில் மசாரின் படையுடன் பிரான்சுக்குள் நுழைந்ததும், நீதிமன்றம் அவரது தலைக்கு 150,000 லீவர் விலை வைத்தது. அப்பணத்தைத் திரட்ட நூலகத்தை ஏலம் விடுமாறு கட்டளையிட்டது. மன்னரின் தடையும் பயனளிக்கவில்லை. 1652இன் தொடக்கத்தில் நூல்கள் சிதறின. கண்ணெதிரே தம் உழைப்பு அழியக் கண்ட நோடே, மருத்துவ நூல்களை மட்டும் தம் சொந்தப் பணத்தில் வாங்கிக் காத்தார்.

1653 பெப்ரவரியில் மசாரின் வெற்றியுடன் பரிஸ் திரும்பினார். பழிவாங்கலில் நாட்டம் கொள்ளாது, சிதறிய நூல்களைத் தேடி மீண்டும் சேர்க்க முற்பட்டார். 1659இல் பிரெனே உடன்படிக்கை மூலம் ஸ்பானியப் போரையும் முடித்தார். 1661 மார்ச் 9இல் வென்சென் கோட்டையில் அவர் கண்மூடியபோது விட்டுச்சென்ற சொத்து ஏறத்தாழ 35 மில்லியன் லீவர். அரசுப் பணத்துக்கும் தம் பணத்துக்கும் வேறுபாடு காணாதவர் என்ற பழியிலிருந்து அவரை விடுவிக்க நாம் விரும்பவில்லை. குடியானவனின் வரியே ஓவியங்களாகவும் நூல்களாகவும் மாறிற்று என்பது உண்மை.

ஆயினும் மரண சாசனத்தில் ஒரு கல்லூரியை நிறுவப் பொருள் ஒதுக்கி, நூலகத்தையும் அதற்கே அளித்தார். செய்ன் நதிக்கரையில் எழுந்த அக்கட்டடத்தில் மசாரின் நூலகம் இன்றும் இயங்குகிறது. பிரான்சின் மிகப் பழைய பொது நூலகம் அதுவே. றைன் நதிக்கரை மைன்ஸ் நகரில் கூட்டன்பேர்க் அச்சிட்ட விவிலியத்தின் ஒரு பிரதி அங்கே பேணப்படுகிறது.

அவருக்குப் புகலிடம் தந்த புறூல் கோட்டையோ நிலைக்கவில்லை. அவர் வளர்த்தெடுத்த பதினான்காம் லூயியின் படையே 1689இல் அதனைத் தகர்த்தது. அந்த இடிபாட்டின் மீதே 1725 முதல் இன்றைய மாளிகை எழுந்தது.

மசாரினின் நூல்கள் விற்கப்பட்டன. ஆகவே அவற்றில் பலவற்றைத் தேடி மீட்க முடிந்தது. 1981இல் எரியூட்டப்பட்ட எமது யாழ் நூலகத்தின் 90,000க்கும் மேற்பட்ட நூல்களுக்கு அந்த வாய்ப்புக் கிட்டவில்லை. ஓலைச்சுவடிகளை எந்த ஏலத்திலும் தேடிப் பெற இயலாது. எஞ்சியவை நம் வீடுகளில் எங்கேனும் இருக்குமாயின், ஒரு நூலாயினும், ஒரு பழைய சஞ்சிகையாயினும், அதனைப் பேணிப் பொதுவில் வைப்பது நம் கடனாகும்.