இருதிடல் வீரர் எம். ஜே. கோபாலன்

ஒருவர் ஒரு விளையாட்டில் நாட்டின் சார்பில் களம் இறங்குவதே அரிய பேறு. இரு விளையாட்டுகளில் அப்பேற்றைப் பெற்றவர் மிகச் சிலர். மட்டைப்பந்திலும் வளைகோல் பந்தாட்டத்திலும் இந்தியாவுக்காக விளையாடிய தமிழ்நாட்டு வீரர், மொறப்பாக்கம் ஜோசியம் கோபாலன். ஒரே ஆண்டில் இரண்டு பெரும்பயணங்கள் அவர்முன் வந்து நின்றபோது, ஒன்றைக் கொண்டு மற்றொன்றை விட வேண்டிய நிலை அவருக்கு ஏற்பட்டது. அவர் எதைக் கொண்டார், எதை இழந்தார், இழந்தபின் எவ்வாறு வாழ்ந்தார் என்பதை இப்பாடம் கூறுகிறது.

சேப்பாக்கத்தில் தொடக்கம்

கோபாலன் 1909ஆம் ஆண்டு சூன் 6ஆம் நாள், அன்றைய செங்கற்பட்டு மாவட்டத்தின் மொறப்பாக்கம் என்னும் சிற்றூரில் பிறந்தார். பின்னர் அவர்தம் குடும்பம் சென்னைத் திருவல்லிக்கேணியில் குடியேறியது. சேப்பாக்கம் திடல் அங்கிருந்து நடந்து செல்லும் தொலைவில்தான் இருந்தது. நெடிய உடலும் வலிய தோள்களும் வாய்க்கப்பெற்ற அவர், மிதவேகப் பந்துவீச்சில் தேர்ந்தார்.

இவ்வகைப் பந்துவீச்சில் விரைவு மட்டும் போதாது. புதிய பந்தின் தையல் விளிம்பை விரல்களால் பற்றும் முறையும், கை பந்தை விடுக்கும் கோணமுமே பந்தின் போக்கை முடிவு செய்கின்றன. நேராக வருவது போலத் தோன்றும் பந்து, காற்றில் சற்றே விலகியோ தரையில் பட்டுத் திரும்பியோ மட்டையாளரை ஏமாற்றும். அந்நுட்பத்தைக் கோபாலன் பயிற்சியால் கைவரப் பெற்றார்.

அவருடைய ஆற்றலைக் கண்டறிந்தவர் சி. பி. ஜான்ஸ்டன் என்னும் ஆங்கிலேயர். சென்னை மட்டைப்பந்தின் வளர்ச்சிக்கு அடித்தளம் இட்டவர்களுள் ஒருவரான அவர், பர்மா ஷெல் எண்ணெய் நிறுவனத்தில் கோபாலனுக்கு வேலை கிடைக்க உதவினார். இவ்வுதவியின் அருமையை இன்றைய தலைமுறை எளிதில் உணர இயலாது. மணலி புதுநகரிலோ எண்ணூரிலோ மாலைநேரத்தில் பந்துவீசிப் பழகும் மாணவர் ஒருவர், விளையாட்டையே தொழிலாகக் கொள்ளலாம் என்று இன்று கனவு காண முடியும். கோபாலன் காலத்து இந்தியாவில் மட்டைப்பந்து வாழ்க்கைக்குப் போதிய வருவாய் தருவதாக இல்லை. செல்வர் அல்லாத வீரர்க்கு அலுவலக ஊதியமே உணவளித்தது. அதனால்தான் அவர் ஆட்டத்தைத் தொடர முடிந்தது.

முதற்பந்து

பொங்கல் காலத்தில் ஐரோப்பியர் அணிக்கும் இந்தியர் அணிக்கும் இடையே சேப்பாக்கத்தில் நடந்த மாகாணப் போட்டிகளில் கோபாலனின் பெயர் பரவியது. 1930–31ஆம் பருவத்தில் விசயநகரம் மகாராசகுமாரரின் அணி சென்னைக்கு வந்தது. அவ்வணியில் இங்கிலாந்தின் பெரும்புகழ் மட்டையாளர் ஜாக் ஹாப்ஸ் இடம்பெற்றிருந்தார். அவரை வீழ்த்தியதன் வாயிலாக இளம் கோபாலன் நாடறிந்த வீரரானார்.

1934ஆம் ஆண்டு சனவரியில் கொல்கத்தாவில் இங்கிலாந்துக்கு எதிராக நடந்த டெஸ்ட் போட்டியில் அவர் இந்திய அணியில் இடம்பெற்று ஒரு விக்கெட்டை வீழ்த்தினார். அதுவே அவருடைய முதல் டெஸ்ட் போட்டி. இறுதிப் போட்டியும் அதுவேயாக அமைந்தது.

அதே ஆண்டு நவம்பர் 4ஆம் நாள் சேப்பாக்கத்தில் சென்னை அணியும் மைசூர் அணியும் மோதின. ரஞ்சிக் கோப்பைத் தொடரின் முதல் ஆட்டம் அதுவே. அத்தொடரின் முதற்பந்தை வீசியவர் கோபாலன். ஏ. ஜி. ராம்சிங் பதினொரு விக்கெட்டுகளை வீழ்த்த, மைசூர் அணி 48, 59 ஓட்டங்களுக்குள் இருமுறையும் சுருண்டது. சென்னை அணி ஒரே நாளில் வென்றது. இன்றுவரை தொடரும் ஒரு நெடிய வரலாறு, திருவல்லிக்கேணி இளைஞர் ஒருவரின் கையிலிருந்து தொடங்கியது.

இரு வாயில்கள்

பந்துவீச்சில் பெயர் பெற்ற அதே காலத்தில் கோபாலன் வளைகோல் பந்தாட்டத்திலும் சிறந்து விளங்கினார். 1935ஆம் ஆண்டு தியான்சந்த் தலைமையில் நியூசிலாந்து, ஆத்திரேலியா ஆகிய நாடுகளுக்குச் சென்ற இந்திய அணியில் அவரும் இருந்தார். அவ்வணி 48 ஆட்டங்களில் 584 கோல்கள் அடித்தது.

1936ஆம் ஆண்டு அவருக்குச் சோதனையாக வந்தது. இந்திய மட்டைப்பந்து அணி இங்கிலாந்து செல்லவிருந்தது. வளைகோல் பந்து அணி பெர்லின் ஒலிம்பிக் போட்டிக்குச் செல்லவிருந்தது. இரண்டும் ஒரே கோடைக்காலத்தில் நிகழ்வன. கோபாலன் மட்டைப்பந்தைத் தெரிவு செய்தார்.

இங்கிலாந்துப் பயணம் பூசல் மிகுந்ததாக அமைந்தது. சிறந்த ஆட்டக்காரரான லாலா அமர்நாத் பயணத்தின் இடையிலேயே தாயகத்துக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். மூன்று டெஸ்ட் போட்டிகளுள் ஒன்றில்கூடக் கோபாலனுக்கு இடம் கிடைக்கவில்லை. அதே ஆகத்து மாதம் 15ஆம் நாள், பெர்லினில் இந்திய வளைகோல் பந்து அணி செருமனியை 8–1 என்னும் கணக்கில் வென்று தங்கப்பதக்கம் பெற்றது.

பெயர் தாங்கிய கோப்பை

இத்தகைய ஏமாற்றம் ஒருவரை விளையாட்டையே வெறுக்கச் செய்திருக்கலாம். கோபாலனோ சென்னைக்குத் திரும்பி, மீண்டும் பந்தைக் கையில் எடுத்தார். மேலும் பல ஆண்டுகள் சென்னை அணிக்காக ஆடினார். முதல்தரப் போட்டிகளில் அவர் வீழ்த்திய விக்கெட்டுகள் 194. பின்னாளில் இந்திய அணித் தேர்வுக்குழுவிலும் பணியாற்றினார். ஒரு வாய்ப்புக்காகக் காத்திருக்கும் வீரரின் மனநிலையை அவரினும் நன்கு அறிந்தவர் யார்?

அவர் முதல்தரப் போட்டியில் அடியெடுத்து வைத்த கால்நூற்றாண்டின் நினைவாக, 1952–53ஆம் பருவத்தில் சென்னைக்கும் இலங்கைக்கும் இடையே கோபாலன் கோப்பை தொடங்கப்பட்டது. இலங்கை 1982ஆம் ஆண்டிலேயே டெஸ்ட் களத்தில் இறங்கியது. அதற்கு முன்னர் அந்நாட்டு வீரர்கள் தம் திறனைத் தீட்டிக்கொள்ள இக்கோப்பைப் போட்டிகள் உதவின. கடலுக்கு இருபுறமும் உள்ள இளைஞர்கள் நட்புடன் பொருதுவதற்கு ஒரு தமிழ்நாட்டு வீரரின் பெயர் காரணமாயிற்று.

கோபாலன் 2003ஆம் ஆண்டு திசம்பர் 21ஆம் நாள் சென்னையில் மறைந்தார். ஒரு டெஸ்ட், ஒரு விக்கெட் என்னும் எண்களை மட்டும் காண்பவர்க்கு அவருடைய வாழ்க்கை சிறியதாகத் தோன்றக்கூடும். தெரிவு மட்டுமே நம் கையில் உள்ளது. அதன் விளைவு பிறர் கையிலும் காலத்தின் கையிலும் உள்ளது. விளைவு கசந்தபோதும் தாம் தெரிந்தெடுத்த ஆட்டத்தை அவர் கைவிடவில்லை. இளைஞர் அவரிடம் கற்கத்தக்க பாடம் அதுவே.