காஞ்சியில் ஓட்டுக் கேட்ட கலைவாணர்

பெரியவர்களிடம் கேட்டுப் பாருங்கள், 1957 தேர்தல் கதை ஒன்று சொல்வார்கள். காஞ்சிபுரத்தில் அண்ணா போட்டியிட்டார். எதிர்த்து நின்றவர் ஒரு டாக்டர். அண்ணாவுக்காகப் பிரசாரத்துக்கு வந்த என்.எஸ். கிருஷ்ணன், மேடையேறியதும் டாக்டரின் கைராசியையும் நல்ல குணத்தையும் புகழ்ந்துகொண்டே போனாராம். கூட்டம் திகைத்து நின்றபோது, இப்படிப்பட்ட டாக்டரைச் சட்டசபைக்கு அனுப்பிவிட்டால் உங்களுக்கு வைத்தியம் பார்ப்பது யார், அவரை இங்கேயே வைத்துக்கொண்டு அண்ணாவை அனுப்புங்கள் என்று முடித்தாராம். அந்தத் தேர்தலில் அண்ணா வென்றார்.

எதிராளியை ஒரு சொல்லால்கூடத் தாழ்த்தாமல் சிரிக்க வைக்கும் இந்தக் கலை அவருக்கு மேடையில் வந்தது. நாகர்கோவிலை ஒட்டிய ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29 அன்று ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். படிப்பு ஆரம்பப் பள்ளியோடு சரி. வில்லுப்பாட்டில் தேர்ந்தவர், டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியில் சேர்ந்து நடிகரானார். 1935இல் ‘மேனகா’, 1936இல் ‘சதி லீலாவதி’ எனச் சினிமாவுக்கும் வந்தார். தம் குழுவை வைத்துத் தனியாக நகைச்சுவைப் பகுதியை உருவாக்கிப் படத்தில் சேர்ப்பது அவர் வழக்கம். மனைவி டி.ஏ. மதுரம் அந்தச் சிரிப்பில் சரிபாதி.

புகழின் உச்சியில் இடி விழுந்தது. 1944இல் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் தியாகராஜ பாகவதருடன் அவரும் கைதானார். ஆயுள் தண்டனை. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பி, 1947 ஏப்ரலில் சென்னை உயர்நீதிமன்றம் இருவரையும் விடுதலை செய்தது. இடைப்பட்ட காலத்தில் நாடகக் குழு கலைந்துவிடாமல் காத்தவர்கள் மதுரமும் எஸ்.வி. சகஸ்ரநாமமும்.

பாகவதருக்குப் பழைய வெற்றி திரும்பவில்லை. கிருஷ்ணனோ மீண்டும் எழுந்தார். 1949இல் வந்த ‘நல்லதம்பி’, அண்ணா சினிமாவுக்கு எழுதிய முதல் கதை. அதில் வரும் கிந்தனார் காலட்சேபம், தாழ்த்தப்பட்ட வீட்டுப் பையன் ஒருவன் படித்து முன்னேறுவதைச் சொல்லும். சிரித்துக்கொண்டே கேட்டவர்கள் தீண்டாமையைப் பற்றி யோசித்தார்கள். ‘மணமகள்’, ‘பணம்’ படங்களை அவரே இயக்கினார்.

சம்பாதித்ததைக் கேட்டவர்களுக்கெல்லாம் கொடுத்தார். கடைசிக் காலத்தில் கையில் அதிகம் மிஞ்சவில்லை. காஞ்சித் தேர்தல் முடிந்த அதே ஆண்டில், ஆகஸ்ட் 30 அன்று காலமானார். வயது 48.

பதினோரு ஆண்டுகளுக்கு மேல் போயின. முதலமைச்சராகிவிட்ட அண்ணா, நோயுற்றிருந்த நிலையிலும் 1969 பொங்கலன்று சென்னை தியாகராய நகருக்கு வந்து கலைவாணர் சிலையைத் திறந்துவைத்தார். அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அதுதான். அடுத்த மாதம் 3ஆம் தேதி அவரும் மறைந்தார்.