சாம்பலிலிருந்து எழுந்த வானம்பாடி

போரில் தோற்ற நாட்டு மக்கள் எதனைக் கொண்டு தம்மைத் தேற்றிக் கொள்வர் என்னும் வினா வரலாற்றாசிரியர்க்கு மட்டும் உரியதன்று; கலை பயில்வார்க்கும் உரியது. 1945 ஆகஸ்டில் ஜப்பான் சரணடைந்தபோது அந்நாட்டின் பெருநகரங்கள் பல சாம்பல் மேடுகளாகக் கிடந்தன. உணவில்லை, உறைவிடமில்லை, தாய் தந்தையரை இழந்த சிறார் தொடர்வண்டி நிலையங்களில் உறங்கினர். அந்நாள்களில் அம்மக்களின் நெஞ்சைத் தொட்ட குரல் ஒரு மீன் வணிகரின் மகளுடையது. மிசோரா ஹிபாரி என்னும் பெயரால் உலகறிந்த அப்பாடகியின் வாழ்வைச் சுருங்கக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மீன்கடை வீட்டு மகள்

1937 மே 29 அன்று யோகொஹாமா துறைமுக நகரின் இசோகோ பகுதியில் மீன்கடை நடத்திவந்த கத்தோ மசுகிச்சிக்கும் கிமியேவுக்கும் மூத்த மகளாக அவர் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் கசுவே. பின்னர்த் தங்கை ஒருவரும் தம்பியர் இருவரும் பிறந்தனர். வீட்டிலிருந்த இசைத்தட்டுகளைக் கேட்டே அக்குழந்தை பாடப் பழகியது. இசைக் குறியீடுகளைப் படிக்க அவர் இறுதிவரை கற்றுக் கொள்ளவில்லை. செவியே அவருடைய ஆசானாக இருந்தது.

1943-இல் தந்தை கடற்படைக்கு அழைக்கப்பட்டார். அவரை வழியனுப்பும் கூட்டத்தில் ஆறு வயதுக் கசுவே ஒரு பாடலைப் பாட, கூடியிருந்தோர் கண்ணீர் வடித்தனர். தம் மகளின் குரலுக்குப் பிறரை அழவைக்கும் ஆற்றல் உண்டு என்பதைத் தாய் கிமியே அன்று கண்டுகொண்டார். 1945 மே 29 அன்று ஐந்நூறுக்கும் மேற்பட்ட அமெரிக்க வானூர்திகள் யோகொஹாமாவின்மீது தீக்குண்டுகளைப் பொழிந்தன. அன்றுதான் அச்சிறுமிக்கு எட்டு வயது நிறைவடைந்தது. அவர் குரலில் பின்னாளில் மக்கள் கேட்ட துயரத்திற்கு வேர் எங்குள்ளது என வினவுவார்க்கு இந்நாளையே நாம் சுட்டிக் காட்டலாம்.

ஒலிக்காத மணி

போர் முடிந்து தந்தை வீடு திரும்பினார். தாய், அக்கம்பக்கத்து இளைஞர்களைச் சேர்த்து நீலவானக் குழு எனப் பொருள்படும் சிறு இசைக்குழு ஒன்றை அமைத்தார். பொதுக் குளியலகங்களிலும் சிறு கொட்டகைகளிலும் மகளின் மேடை வாழ்வு தொடங்கியது.

1946-இல் ஜப்பான் ஒலிபரப்புக் கழகம் நடத்திய பொதுமக்கள் பாட்டுப் போட்டிக்கு அவர் சென்றார். பாடி முடித்தவரின் தகுதியை மணியொலியால் அறிவிப்பது அப்போட்டியின் வழக்கம். சிறுமி கசுவே பாடி முடித்தபோது வென்றார் என்னும் மணியும் ஒலிக்கவில்லை; தோற்றார் என்னும் மணியும் ஒலிக்கவில்லை. குரலில் குறையில்லை, ஆயினும் பெரியவர்களின் பாடலைக் குழந்தை பாடுவது முறையன்று, அது குழந்தைமைக்கு ஒவ்வாதது என்பது நடுவர்களின் கருத்தாக இருந்தது. பின்னர்ப் புகழ்பெற்ற இசையமைப்பாளர் கோகா மசாவோவின் முன்னிலையில் பாடும் வாய்ப்பு வந்தது. அவர் அக்குரலின் அருமையைக் கண்டு ஊக்கமளித்தார்.

1947 ஏப்ரலில் ஷிகோக்குத் தீவின் கோச்சி மாவட்டத்தில் இசைப் பயணத்தின்போது அவர் சென்ற பேருந்து விபத்துக்குள்ளானது. நினைவிழந்து இறந்தவர்போல் கிடந்த சிறுமியை ஒரு மருத்துவர் பிழைக்க வைத்தார். பாட்டே வேண்டாம் எனத் தந்தை சினந்தபோது, பாட்டை விட்டால் தமக்கு வாழ்வில்லை என்று மகள் உறுதியாக நின்றார். அவ்வூரில் ஓங்கி நின்ற தொன்மையான தேவதாரு மரத்தின்முன், நாட்டின் முதன்மைப் பாடகியாக வேண்டும் என அவர் வேண்டிக் கொண்டதாகக் கூறுவர்.

பெயரும் புகழும்

மிசோரா என்பது அழகிய வானத்தையும் ஹிபாரி என்பது வானம்பாடியையும் குறிக்கும். தரையில் கூடு கட்டி விண்ணில் உயர்ந்து பாடும் அச்சிறு பறவையின் பெயர், மீன்கடையிலிருந்து புறப்பட்ட பாடகிக்கு நன்கு பொருந்தியது. 1949-இல் பன்னிரண்டு வயதில் அவருடைய முதல் இசைத்தட்டு வெளிவந்தது. அதே ஆண்டில் ‘சோகச் சீழ்க்கை’ என்னும் பொருள்படும் திரைப்படத்தில் தலைமைப் பாத்திரம் ஏற்றார். பட்டுத் தொப்பியும் ஆடவர் அணியும் வால்கோட்டும் பூண்டு, போரால் ஆதரவிழந்த சிறுமியாக அவர் பாடிய பாடலின் இசைத்தட்டு நாலரை இலட்சம் படிகள் விற்று அந்நாளைய சாதனையாயிற்று. அக்கோலத்திலேயே யோகொஹாமாவின் நோகே பகுதியில் அவருக்குச் சிலையும் எழுப்பப்பட்டுள்ளது.

1952-இல் வெளிவந்த ‘ஆப்பிள் ஒயிவாக்கே’ ஏழு இலட்சம் படிகள் விற்றது. வடபுலத்து ஆப்பிள் தோட்டத்துச் சிறுமி, மறைந்த தன் தாயை எண்ணி ஏங்குவதாக அமைந்தது அப்பாடல். நெஞ்சிலிருந்து எழும் குரல் நொடியில் மெல்லிய உச்சக் குரலாக மாறி மீண்டும் இறங்கும் அவருடைய தனித்திறம் அதில் நன்கு வெளிப்பட்டது. நாட்டுப்புறப் பாடலும், மேலைநாட்டு ஜாஸ் இசையும், எங்கா எனப்படும் உருக்கமான மெல்லிசையும் அவருக்கு ஒருங்கே வசப்பட்டன. 1965-இல் அமெரிக்கப் பாடகர் நாட் கிங் கோலின் நினைவாகவே ஒரு தொகுப்பை அவர் வெளியிட்டார். நடிகையாக நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட படங்களில் தோன்றினார். இளம் வீரராக ஆண்வேடம் பூண்டு வாளேந்திய படங்களும் அவற்றுள் அடங்கும்.

இகழ்ச்சியும் ஏற்பும்

இத்துணைப் புகழிலும் கற்றோர் அவையில் அவருக்கு எளிதில் இடம் கிடைக்கவில்லை. கவிஞர் சாத்தோ ஹச்சிரோ, பெரியவர்களைப் போலப் பாடும் இக்குழந்தையைக் காணவே அருவருப்பாக உள்ளது என்னும் கருத்துப்படச் செய்தித்தாளில் சாடினார். தொடக்கத்தில் கசாகி ஷிசுகோவைப் பின்பற்றிப் பாடியதால் குட்டி கசாகி என்று அழைக்கப்பட்டவர் ஹிபாரி. 1950-இல் அவர் அமெரிக்கப் பயணம் புறப்பட்ட காலத்தில், கசாகிக்கென ஹத்தோரி ரியோயிச்சி இசையமைத்த பாடல்களை அங்குப் பாடக் கூடாது என்னும் தடையும் வந்தது. தமக்கே உரிய பாடல்களால் நிலைபெற வேண்டிய கட்டாயம் அவருக்கு நேர்ந்தது.

இங்கு நாம் சிந்திக்க வேண்டியது ஒன்றுண்டு. குழந்தை, குழந்தைபோல் பாட வேண்டும் என்றனர் அறிஞர். ஆனால் அந்நாளைய ஜப்பானில் குழந்தைமை எத்தனை குழந்தைகளுக்கு வாய்த்திருந்தது? தெருவில் காலணி துடைத்தும் பழம்பொருள் பொறுக்கியும் பிழைத்த சிறார்தம் முகங்கள் முதியோர் முகங்களாக மாறியிருந்தன. அவர்களின் உண்மையையே ஹிபாரியின் குரல் பாடிற்று. அவையோர் முறையன்று எனக் கண்டதை எளியோர் தம் வாழ்வெனக் கண்டனர். கலையின் தகுதியை இலக்கணத்தால் மட்டும் அளப்பது போதாது என்பதற்கு இதனினும் தக்க சான்று வேண்டுவதில்லை.

துன்பங்களின் நடுவே

1957 ஜனவரியில் டோக்கியோவின் அசாகுசா பன்னாட்டு அரங்கில், அவரிடம் அளவிறந்த பற்றுக் கொண்ட ஓர் இளம்பெண் அவர் முகத்தில் அமிலம் வீசினார். வீசியவருக்கும் காயமுற்றவருக்கும் வயது பத்தொன்பதே. காயம் ஆறி, அவர் விரைவில் மேடைக்குத் திரும்பினார். 1962-இல் நடிகர் கோபயாஷி அகிராவை மணந்தார். 1964-இல் அம்மணவாழ்வு முறிந்தது. அவ்வாண்டின் இறுதியில் வெளிவந்த ‘யவாரா’ 18 இலட்சத்துக்கும் மேல் விற்று, 1965-இன் ஜப்பான் இசைத்தட்டுப் பெருவிருதைப் பெற்றது. சிறுமியாக இருந்தபோது ஊக்கமளித்த கோகா மசாவோவே அதற்கு இசையமைத்தவர்.

அவர் வாழ்வின் நிழலையும் நாம் மறைத்தல் கூடாது. அவருடைய நிகழ்ச்சிகளை ஏற்பாடு செய்த நிறுவனம், யமகுச்சி-குமி என்னும் குற்றக் குழுவின் தலைவர் தவோகா கசுவோவுடையது. தம்பி தெத்சுயாவும் அத்தகைய தொடர்புகளால் கைது செய்யப்பட்டார். 1973-இல் பல ஊர்ப் பொது அரங்குகள் ஹிபாரிக்குக் கதவடைத்தன. ஆண்டிறுதி இரவில் நாடே கண்டுகளிக்கும் ஒலிபரப்புக் கழகத்தின் இசை விழாவிலும் அவருக்கு இடம் மறுக்கப்பட்டது. தம்பியை விலக்கினால் சிக்கல் தீரும் என்ற நிலையிலும் அவரும் தாயும் இணங்கவில்லை. இதனை உறவின் உறுதி என்பாரும் உண்டு. பிழை என்பாரும் உண்டு.

ஒதுக்கப்பட்டிருந்த அக்காலத்தில்தான், 1974 ஆகஸ்டில், ஹிரோஷிமாவின் முதல் அமைதி இசை விழாவில் ‘ஒரு பென்சில்’ என்னும் பாடலை அவர் பாடினார். திரைப்பட இயக்குநர் மத்சுயாமா சென்சோ எழுதிய அது, போருக்கு எதிரான எளிய பாடலாகும். கடுங்கோடையில் குளிரூட்டிய அறையை அவருக்கு அளிக்க முன்வந்தபோது, அணுகுண்டுக்கு இரையானோர் பட்ட வெம்மைக்கு முன் இது பொருட்டன்று என அவர் மறுத்தார் என்பர். குண்டுமழையில் எட்டு வயதைக் கடந்தவருக்கு அவ்வூரின் துயர் அயலாருடையதன்று.

இறுதிப் பறத்தல்

1981-இல் தாய் மறைந்தார். அடுத்த ஆண்டு உற்ற தோழியான பாடகி எரி சியெமியும், 1983-இலும் 1986-இலும் தம்பியர் இருவரும் அடுத்தடுத்து மறைந்தனர். தம்பி மகனைத் தம் மகனாக ஏற்று வளர்த்துவந்த ஹிபாரியின் உடலும் தளர்ந்தது. 1987 ஏப்ரலில் கல்லீரல் நோயாலும் தொடை எலும்பு நலிவாலும் ஃபுக்குவோக்காவில் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். ஓராண்டு கழித்து, 1988 ஏப்ரல் 11 அன்று, புதிதாகத் திறக்கப்பட்டிருந்த டோக்கியோ டோம் அரங்கில், மருத்துவ ஊர்தி வெளியே காத்திருக்க, ஏறத்தாழ ஐம்பதாயிரம் பேர் முன்னிலையில் நாற்பதளவு பாடல்களைப் பாடினார். இறுதியில் நூறு மீட்டர் நீண்ட மேடையை ஒவ்வோர் அடியாக நடந்து கடந்தார்.

1989 ஜனவரி 7 அன்று பேரரசர் ஹிரோஹித்தோ மறைய, ஷோவா ஊழி முடிவுற்றது. நான்கு நாள்களில் ‘ஆற்றின் ஓட்டத்தைப் போல’ என்னும் அவருடைய பாடல் வெளிவந்தது. இளங்கவிஞர் அக்கிமோத்தோ யாசுஷி எழுதிய அப்பாடலைத் தனித்தட்டாக வெளியிட வேண்டுமென வற்புறுத்தியவர் ஹிபாரியே. பிப்ரவரி 7 அன்று கோக்குரா நகரில் பாடியதே அவருடைய இறுதி மேடையாயிற்று. ஜூன் 24 அன்று டோக்கியோவில் நுரையீரல் அழற்சியால் ஐம்பத்திரண்டு வயதில் மறைந்தார். அடுத்த மாதம் ஜப்பான் அரசு மக்கள் மாண்பு விருதை அவருக்கு வழங்கியது. அவ்விருதைப் பெற்ற முதல் பெண் அவரே.

விட்டுச் சென்றவை

2019-இல் செயற்கை நுண்ணறிவைக் கொண்டு அவர் குரலை மீண்டும் உருவாக்கிப் புதிய பாடலொன்றைப் பாடச் செய்தனர். ஒருகாலத்தில் அவருக்கு இடம் மறுத்த அதே ஆண்டிறுதி விழாவில் அப்பாடல் ஒலித்தது. கேட்டுக் கண்ணீர் விட்டோர் பலர். மறைந்தவரை இவ்வாறு பாடவைத்தல் தகாது என்றோரும் பலர். பொறியால் அக்குரலின் ஏற்ற இறக்கங்களைக் கற்க இயலும். எரிந்த நகரையும், ஒலிக்காத மணியையும், அமிலத்தையும், அடைத்த கதவுகளையும் கடந்து வந்த வாழ்வு அக்குரலுக்குப் பின்னே இருந்தது. அதனைப் பொறிக்குக் கற்பிக்க இயலுமா என்பதே நம் வினா.

இலக்கியம் பயிலும் மாணவர்க்கு அவ்வாழ்வு உணர்த்துவது இதுவே. பெருந்துயர்க் காலங்களில் முறையறியாக் குரலென நம் செவிக்குப் படுவது, ஒருவேளை, அக்காலத்தின் மெய்க்குரலாக இருத்தல் கூடும். ஆதலின் மணியை அடிக்கும் முன்னும், அடிக்க மறுக்கும் முன்னும், சற்றே பொறுத்து முழுதும் கேட்பது நம் கடனாகும்.