மொழிபெயர்ப்பாளராக நுழைந்தவர், தலைமை நீதிபதியாகக் கடத்தப்பட்டார்: உகாண்டாவின் பெனடிக்டோ கிவானுகா

இடி அமின் என்ற பெயரைக் கேட்டதும் நம்மில் மூத்தவர்களுக்கு நினைவுக்கு வருவது, 1972-இல் உகாண்டாவிலிருந்து இந்தியர்கள் விரட்டப்பட்ட செய்திதான். கடையையும் வீட்டையும் விட்டுவிட்டு 90 நாள்களில் வெளியேற வேண்டும் என்று அப்போது உத்தரவு. அதே வாரங்களில் அந்நாட்டின் தலைமை நீதிபதி பட்டப்பகலில் நீதிமன்றத்திலிருந்து கடத்தப்பட்டார். அந்தச் செய்தி இங்கே பலருக்குத் தெரியாது. அவர் பெயர் பெனடிக்டோ கிவானுகா.

உகாண்டா 1894 முதல் பிரிட்டிஷ் பாதுகாப்பின் கீழ் இருந்த நாடு. அங்கே உயர்நீதிமன்றம் 1902-இல் அமைந்தது. அதன் தலைமை நாற்காலியில் சுதந்திரம் வரை வெள்ளைக்காரர்களே மாறி மாறி உட்கார்ந்தார்கள். முதல் ஆப்பிரிக்கராக 1963-இல் வந்த உடோ உடோமாவும் நைஜீரியாக்காரர். அவருக்குப் பின் மீண்டும் ஒரு பிரிட்டிஷ்காரர். மண்ணின் மைந்தர் ஒருவருக்கு அந்த நாற்காலி கிடைக்க 1971 ஆகிவிட்டது.

கிவானுகா 1922-இல் மசாக்கா வட்டாரத்தில் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் படையில் சேர்ந்து எகிப்து, பாலஸ்தீனம் வரை போனார். திரும்பி வந்ததும் கிடைத்த வேலை, கம்பாலா உயர்நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர். கோர்ட்டுக்குப் போய் வந்தவர்களுக்குத் தெரியும், நீதிபதி சொல்வதும் சாட்சி சொல்வதும் அந்த ஒருவர் வாய்வழியாகத்தான் போக வேண்டும். ஆனால் தீர்ப்பில் அவருக்கு எந்தப் பங்கும் இல்லை. கிவானுகா அந்த வேலையோடு நின்றுவிடவில்லை. முதலில் பசுட்டோலாந்தில் கல்லூரிப் படிப்பு, பிறகு லண்டனில் சட்டப் படிப்பு. 1956-இல் வழக்கறிஞராக நாடு திரும்பினார்.

இரண்டே ஆண்டுகளில் ஜனநாயகக் கட்சியின் தலைவரானார். 1961 தேர்தலை புகாண்டா மன்னரான கபாக்காவின் தரப்பு புறக்கணித்தது. அந்த இடைவெளியில் கிவானுகாவின் கட்சி வென்றது. மொத்த வாக்குகளில் எதிர்க்கட்சிக்கே கூடுதல் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். 1962 மார்ச்சில் சுயாட்சி வந்தபோது அவர் முதல் பிரதமர். ஏப்ரலில் நடந்த அடுத்த தேர்தலில் ஒபோட்டேயின் கட்சியும் மன்னர் தரப்பும் கைகோத்தன. கிவானுகாவுக்கு நாடாளுமன்றத்தில் இடமே இல்லாமல் போனது. அக்டோபர் 9-ஆம் தேதி சுதந்திரம் வந்தபோது பிரதமராக இருந்தவர் ஒபோட்டே.

மன்னர் தரப்பைக் கொஞ்சம் அனுசரித்துப் போயிருந்தால் பதவி தங்கியிருக்கும் என்று சொல்வோர் உண்டு. அனுசரிப்பது அவருக்கு வராத கலை. 1969-இல் ஒபோட்டே அரசு அவரைச் சிறையில் தள்ளியது.

1971 ஜனவரியில் ராணுவப் புரட்சி. ஆட்சியைப் பிடித்த இடி அமின் அரசியல் கைதிகளை விடுவித்தார். அவர்களில் கிவானுகாவும் ஒருவர். அதே ஆண்டு ஜூனில் அவரைத் தலைமை நீதிபதியாக நியமித்ததும் அமின்தான். ஒபோட்டேயால் பாதிக்கப்பட்டவர், தன்னால் வெளியே வந்தவர், ஆகவே நன்றியோடு தன் பக்கம் இருப்பார் என்று அமின் கணக்குப் போட்டிருக்கலாம்.

அந்தக் கணக்கு பலிக்கவில்லை. ராணுவத்தினர் நினைத்தவரைப் பிடித்து அடைத்துக்கொண்டிருந்த காலம் அது. 1972 செப்டம்பரில் டேனியல் ஸ்டுவர்ட் என்ற பிரிட்டிஷ்காரர் அப்படிப் பிடித்து வைக்கப்பட்டார். ஆட்கொணர்வு மனு கிவானுகா முன் வந்தது. அடைத்து வைத்தது சட்டத்துக்குப் புறம்பானது என்று சொல்லி அவரை விடுவிக்க உத்தரவிட்டார். கேட்பதற்குச் சாதாரணத் தீர்ப்பு. ஆனால் அமின் பிரிட்டனோடு மோதிக்கொண்டிருந்தார். தான்சானியாவிலிருந்து ஒபோட்டே ஆதரவுப் படை வேறு எல்லை தாண்டி வந்திருந்தது. அந்த நேரத்தில் துப்பாக்கி வைத்திருப்பவனுக்கு மேலே சட்டம் இருக்கிறது என்று ஒரு நீதிபதி எழுதிக்காட்டினார்.

செப்டம்பர் 21-ஆம் தேதி ஆயுதம் தாங்கிய ஆட்கள் உயர்நீதிமன்றத்துக்குள் நுழைந்து அவரைக் காரில் ஏற்றிக்கொண்டு போனார்கள். மொழிபெயர்ப்பாளராக அவர் வேலை பார்த்த அதே நீதிமன்றம். யாராலும் தடுக்க முடியவில்லை. பழியைக் கொரில்லாக்கள் மீது போட்டது அரசு. கிவானுகா திரும்பி வரவில்லை. அப்போது அவருக்கு வயது 50.

தலைமை நீதிபதிப் பதவிக்கு அதே ஆண்டில் வாகோ வம்புசி வந்தார். அமின் ஆட்சி 1979-இல் கவிழ்ந்தது. உகாண்டா நீதித்துறை 2018 முதல் கிவானுகா பெயரில் ஆண்டுதோறும் நினைவுச் சொற்பொழிவு நடத்தி வருகிறது. அவர் கடத்தப்பட்ட செப்டம்பர் 21-ஆம் தேதியே அதற்குரிய நாள். அவர் உடல் மட்டும் இன்றுவரை குடும்பத்தாரிடம் வந்து சேரவில்லை.